கடைசியாக ஆடியது: நேற்று

சந்தேகம் எனக்குப் பிறவிக் குணம். சோற்றில் ஒரு கல் வந்தால்கூட, இது எனக்கென்றே யாரோ போட்டது என்று நினைக்கிற ஆள் நான். திருப்பத்தூரில் நான் வேலை செய்யும் மூக்குக்கண்ணாடிக் கடையில் எல்லாருக்கும் இது தெரியும். அதனால்தான் அன்று மதியம் கைப்பேசியைப் பார்த்து நான் "யார் வேலை இது?" என்று கத்தியபோது ஒருவரும் டிபன் பாக்ஸிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

நடந்தது இதுதான். கூட வேலை செய்யும் பெண் ஒருத்தி தன் கைப்பேசியில் ஏதோ விளையாடிக்கொண்டிருந்தாள். எனக்கும் ஒரு காலத்தில் அந்தக் கிறுக்கு உண்டு. ப்ளஸ் டூவில் அரசாங்கம் கொடுத்த லேப்டாப்பில், இலவசமாகக் கிடைத்ததும் தோழிகள் அனுப்பியதுமாகக் கொஞ்சம் விளையாட்டுகள் சேர்த்து வைத்திருந்தேன். அவை இணையத்தில் என் கணக்கில், நூலகத்தில் புத்தகம் அடுக்கியதைப் போல வரிசையாக இருக்கும். சட்டென்று ஞாபகம் வந்து, அதற்கான ஆப்பைக் கைப்பேசியில் ஏற்றி, பாஸ்வேர்டு போட்டு உள்ளே போனேன். ஒவ்வொரு விளையாட்டின் கீழும் அதைக் கடைசியாக எப்போது ஆடினோம் என்று போட்டிருக்கும். எல்லாவற்றிலும் இரண்டு வருடத்துக்கு முந்தைய தேதி. ஒன்றில் மட்டும், 'கடைசியாக ஆடியது: நேற்று'.

நேற்று நான் ஆடவில்லை. இரண்டு வருடமாக அந்தப் பக்கமே போகவில்லை. லேப்டாப் ஜவ்வாது மலையில், எங்கள் வீட்டு பீரோவில், என் பழைய தாவணிகளுக்கு அடியில் கிடக்கிறது. கிடக்கிறது என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

அதை ஏன் அங்கேயே விட்டுவிட்டு வந்தேன் என்பதைச் சொல்ல வேண்டும். நேற்று யாரோ ஆடியதாகக் காட்டிய அந்த விளையாட்டு, ஒரு விவசாய விளையாட்டு. புதர் மண்டிய கொல்லை ஒன்றைக் கொடுப்பார்கள். அதைத் திருத்தி, விதை போட்டு, தினமும் தண்ணீர் ஊற்றி, விளைந்ததை விற்க வேண்டும். "வூட்டுக் கொல்லயில களை எடுக்க ஆள் இல்ல, இங்க பொட்டிக்குள்ள களை எடுக்குது பாரு மகாராணி" என்று அம்மா கிண்டல் செய்வாள். அப்பா நின்று ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போவார்.

அது நிலக்கடலை முற்றிய சமயம். அப்பாவும் அம்மாவும் மேட்டில் சாமை அறுக்கப் போக, என்னைக் கடலைக் கொல்லைக்குக் காவலுக்குப் போகச் சொன்னார் அப்பா. "ஒரு நிமிசம்ப்பா, தண்ணி ஊத்திட்டு வர்றேன்" என்றேன். ஊற்ற வேண்டியிருந்தது திரையில் இருந்த பூசணிக் கொடிக்கு. நான் போய்ச் சேர்வதற்குள் குரங்குக் கூட்டம் இறங்கி, பாதிக் கொல்லையைப் பிடுங்கி உரித்துத் தின்றுவிட்டு, செடியை என் பக்கமாகவே வீசிக்கொண்டிருந்தது. இன்றைக்கும் சொல்வேன், நான் முன்கூட்டியே போய் நின்றிருந்தாலும் அத்தனை குரங்கையும் ஒற்றை ஆளாக விரட்டியிருக்க முடியாது. ஆனால் அப்பாவிடம் இதைச் சொல்ல முடியுமா?

"உன் கொல்ல அந்தப் பொட்டிக்குள்ள கீது. அதயே பாத்துக்க. என் கொல்லயில இனிமே கால வெக்காத" என்றார். எனக்கும் மூக்குக்கு மேல் கோபம். "வெக்கல, போ" என்றேன். அந்த வாரமே திருப்பத்தூருக்கு வேலைக்கு வந்துவிட்டேன். இத்தனைக்கும் காரணமான லேப்டாப்பைத் தொடக்கூடப் பிடிக்கவில்லை. பீரோவில் வைத்துப் பூட்டி, சாவியை அம்மாவிடம் கொடுத்துவிட்டு வந்தேன்.

அதோடு அப்பா என்னிடம் பேசுவதை நிறுத்தினார். நான் ஊருக்குப் போனால் அவர் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவார். போன் செய்தால் அம்மாவிடம் தள்ளிவிடுவார். கிட்டப் பார்வை குறைந்துவிட்டது என்று கேள்விப்பட்டு, கடையிலிருந்து ஒரு கண்ணாடி கொடுத்தனுப்பினேன். பரணில் தூக்கிப் போட்டுவிட்டார் என்று அம்மா சொன்னாள். எனக்கு எரிச்சலாக வந்தது, அழுகையும் வந்தது. அப்பா என்னைப் பார்த்து ஒரு வார்த்தை பேச வேண்டும் என்பதைத் தவிர எனக்கு அந்த இரண்டு வருடமும் வேறு ஆசை இல்லை. வாய்விட்டு அதைச் சொல்லியிருப்பேனா, சொல்ல மாட்டேன்.

சரி, திருடனிடம் வருகிறேன். என் சந்தேகம் நேராகப் போய் நின்றது என் தம்பி மேல். என்னைக் கேட்காமல் என் சைக்கிளை யாருக்கோ தள்ளிவிட்ட மகராசன் அவன். லேப்டாப்பையும் விற்றிருப்பான், வாங்கியவன் என் கணக்கில் ஜாலியாக ஆடிக்கொண்டிருக்கிறான் என்று முடிவு கட்டினேன். முதலில் அம்மாவுக்கு போன் போட்டேன்.

"லேப்டாப்பா? பீரோவுலதான் கீது. இன்னாத்துக்குக் கேக்குற? சாப்ட்டியா?"

எல்லாம் ஒரே மூச்சில். பொய் சொல்லும்போது மட்டும்தான் அம்மா இவ்வளவு வேகமாகப் பேசுவாள். அடுத்து தம்பி.

"இன்னா லேப்டாப்புக்கா?"

"வூட்ல எத்தினி லேப்டாப்புடா இருக்குது?"

"அலோ... அலோ... சிக்னல் இல்லக்கா" என்று வைத்துவிட்டான். சிக்னல் இல்லாதவன் குரல் பக்கத்து அறையிலிருந்து பேசுவதைப் போலக் கணீரென்று கேட்டது.

பாஸ்வேர்டை மாற்றிவிடலாம்தான். மாற்றினால் திருடன் வெளியே போய்விடுவான், யார் என்று தெரியாமலே போய்விடும். எனக்கு அவன் யார் என்று தெரிய வேண்டும். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு கவனிக்க ஆரம்பித்தேன். மற்ற விளையாட்டு எதையும் அவன் தொடவில்லை. இந்த ஒன்றை மட்டும் தினமும் ஆடினான். மழையில் கம்பி அறுந்து எங்கள் ஊரில் கரண்ட் இல்லாத அன்று ஆடவில்லை. எங்கள் ஊர்க் கோயிலில் கூழ் ஊற்றிய அன்றும் ஆடவில்லை. எனக்கு மூக்கில் வியர்த்தது. ஆள் வெளியூர் இல்லை, எங்கள் ஊர்க்காரன்தான்.

ஒருவரிடமும் சொல்லாமல் ஒரு சனிக்கிழமை பாதி நாள் லீவு கேட்டு, ஆலங்காயம் வழியாகப் போகும் மலை பஸ்ஸில் ஏறினேன். வழி நெடுக, தம்பியை என்னென்ன கேள்வி கேட்க வேண்டும், எந்த இடத்தில் அடிக்க வேண்டும் என்று யோசித்துக்கொண்டே வந்தேன். வீட்டு வாசலில் நான் போய் நின்றபோது விளக்கு போடுகிற நேரம். தம்பி கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்திருந்தான். என்னைப் பார்த்ததும் திருதிருவென்று விழித்தான்.

"யக்கா, இன்னா திடீர்னு? இரு, இரு, உள்ள போவாத. கால் கழுவிகினு போ."

என்றைக்கும் இல்லாத சுத்தம். அவனைத் தள்ளிவிட்டு உள்ளே போனேன். உள் அறையில் அரிசி மூட்டை மேல் என் லேப்டாப் திறந்திருந்தது. அதன் முன்னால், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார் அப்பா. ஒற்றை விரலால் பொத்தானைக் குத்திக் குத்தி அழுத்திக்கொண்டிருந்தார். திரையில் என் கொல்லை. ஒவ்வொரு செடியாகத் தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது.

காலடிச் சத்தம் கேட்டு, அம்மா சாப்பிடக் கூப்பிடுகிறாள் என்று நினைத்திருக்கிறார். திரும்பவே இல்லை.

"ஒரு நிமிசம் இரு. தண்ணி ஊத்திட்டு வர்றேன்."

அடப்பாவி மனுஷா! எந்த வார்த்தைக்காக என்னை வீட்டை விட்டு ஓட வைத்தாரோ அதே வார்த்தை. எனக்குச் சிரிப்பதா சண்டை போடுவதா என்று தெரியவில்லை. "குரங்கு வந்துடப் போவுதுப்பா" என்றேன்.

திரும்பினார். மூக்கின் மேல் என் கண்ணாடி.

"பரண்ல போட்டதா சொன்னாங்க" என்றேன்.

"எடுத்துப் போட்டுகினேன். பொடிப் பொடியா கீது, கண்ணு தெரியல" என்றார். குரல் அவருக்கே கேட்டிருக்காது.

பின்னால் நின்ற தம்பி, இனி மறைக்க முடியாது என்று எல்லாவற்றையும் கொட்டினான். "நீ போன புதுசுல பாட்டு ஏத்தறதுக்கு எடுத்தேங்கா. உன் கொல்ல வந்து நின்னுச்சு. செடியெல்லாம் காஞ்சி கெடந்துது. இவரு பாத்துட்டாரு. 'புள்ள நட்டது வாடிகினு கெடக்குது, நீ பாட்டு கேக்குறியா'ன்னு என்னயத்தான் திட்டுனாரு. அன்னிலருந்து தெனம் என் போன்ல நெட்டு எடுத்து ஓடுது. உங்கிட்ட சொன்னா தோல உரிச்சிடுவேன்னு வேற சொல்லிகீறாரு."

நான் குனிந்து திரையைப் பார்த்தேன். நான் விட்டுப் போனது நாலு வரிசைப் பூசணி. இப்போது கொல்லை முழுக்கப் பச்சை. ஒரு சந்து விடாமல் சுற்றிலும் வேலி. ஒரு மூலையை மட்டும் விதைக்காமல் ஆறப் போட்டிருந்தார். சரக்கு அறையைத் திறந்தால் பெட்டி பெட்டியாக விளைச்சல். ஒன்றைக்கூட விற்கவில்லை. ஒவ்வொரு முறையும் விதைக்கு எடுத்தது போக, மீதி அத்தனையும் அப்படியே அடுக்கி வைத்திருந்தார்.

"ஏம்ப்பா விக்கல?"

"கொல்லக்காரி நீ. உன்ன கேக்காம நான் எப்பிடி விக்கிறது?"

ஆனால் என் வாய் சும்மா இருக்குமா? அவர் செய்திருந்த தப்பு எனக்குப் புரிந்துவிட்டது. அந்த விளையாட்டில், மூடிவிட்டால் நாள் ஓடாது. எத்தனை வருடம் கழித்துத் திறந்தாலும் விட்ட இடத்திலேயே நிற்கும். ஆனால் ஒவ்வொரு தரமும் அன்றைய வேலையை முடித்தால்தான் மூட முடியும், அடுத்த தரம் திறக்கும்போது மறுநாள் காலை, செடி காய்ந்திருக்கும். அப்பா அதைத்தான் பார்த்திருக்கிறார். ராத்திரியோடு ராத்திரியாகக் காய்ந்து போயிற்று என்று ஓடி ஓடித் தண்ணீர் ஊற்றியிருக்கிறார். அவர் ஊற்ற ஊற்றத்தான் அங்கே நாளே நகர்ந்திருக்கிறது.

"நீ இதெல்லாம் பண்ணவே வேணாம்ப்பா. தொறக்கலன்னா அது வாடாது. அப்பிடியேதான் நிக்கும்" என்று சொன்னேன்.

அவர் என்னைச் சந்தேகமாகப் பார்த்தார். இந்தக் குணம் எனக்கு எங்கிருந்து வந்தது என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

"யாரு சொன்னது?"

"யாரும் சொல்ல வேணாம். அப்பிடித்தான் செஞ்சிகீறாங்க."

"நீ பாக்காதப்ப அது இன்னா பண்ணுதுன்னு உனக்கு எப்பிடித் தெரியும்? பொட்டி உன்ன ஏமாத்துது. தண்ணி ஊத்தாம எந்தப் பயிரு நிக்கும்?"

"நிக்கும்ப்பா. நான் போன அன்னிக்கு எப்பிடி இருந்துதோ, அப்பிடியே நிக்கும்."

அப்பா கண்ணாடியைக் கழற்றி வேட்டி முனையில் துடைத்தார்.

"இங்க யாரும் அப்பிடி நிக்கலயே" என்று சொல்லிவிட்டு, லேப்டாப்பை மூடி, கை கழுவப் போனார்.

மறுநாள் காலை நான் பஸ் ஏறும்போது அவர் வரவில்லை. மலையிலிருந்து இறங்கும் ஒவ்வொரு வளைவிலும் நேற்றைய பேச்சைத் திருப்பித் திருப்பி ஓட்டிப் பார்த்தேன். அவர் என்னோடு பேசினாரா, பூசணியைப் பற்றிப் பேசினாரா? பூசணியைப் பற்றிப் பேசியதை எல்லாம் கணக்கில் சேர்க்க முடியுமா? எனக்கு நம்பிக்கை இல்லை.

அதன் பிறகு தினமும் கடை மூடும் நேரத்தில் ஆப்பைத் திறந்து பார்ப்பது பழக்கமாகிவிட்டது. 'கடைசியாக ஆடியது: இன்று' என்று இருக்கும். நிம்மதியாகப் போய்த் தூங்குவேன். நல்லா இருக்கிறார், கரண்ட் இருக்கிறது, தம்பி போனில் நெட் இருக்கிறது என்று அந்த ஒரு வரியிலேயே எனக்கு வீட்டுச் சேதி வந்துவிடும்.

ஒருநாள் அது 'நேற்று' என்றது. அடுத்த நாள் தேதி நகரவில்லை. அதற்கடுத்த நாளும் இல்லை. ஒரு வாரம் ஆயிற்று. உடம்புக்கு என்னவோ, என்னிடம் மறைக்கிறார்கள். அல்லது, இத்தனை நாள் பாடுபட்டது வீண் என்று நான் சொன்னதில் மனம் விட்டுப் போய்விட்டது. அறிவு கெட்டவளே, உன்னை யார் விளக்கம் கேட்டது என்று என்னையே திட்டிக்கொண்டேன். அம்மாவுக்கு போன் போட்டேன்.

"அவருக்கு இன்னா, நல்லாத்தான் கீறாரு. சாப்ட்டியா?"

அதே வேகம்! "பொய் சொல்லாத. போன அவருகிட்ட குடு" என்று கத்தினேன். கடையில் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பக்கம் ஏதோ குசுகுசுவென்று பேச்சு. பிறகு மூச்சுச் சத்தம். அப்பா போனை வாங்கியிருந்தார்.

"ஏம்ப்பா ஆடல? உடம்பு சரியில்லயா?"

"நீதான சொன்ன, தொறக்கலன்னா நாளு ஓடாதுன்னு."

"ஆமா."

"பூசணி மொத்தமும் பழுத்து நிக்குது. கொல்லக்காரி இல்லாம அறுக்கலாமா? அதான் மூடி வெச்சிகீறேன்."

அவர் ஒரு தரம் இருமினார்.

"இங்க நம்ம கடலயும் முத்திடுச்சு. அத மூடி வெக்க முடியல. குரங்கு எறங்குது, காவலுக்கு ஆள் இல்ல. நீ எப்ப வர்ற?"