மாப்பிள்ளை எப்படி என்று கேட்டபோது

எங்கள் ஊரில் கல்யாணம் என்றால் வீடு பெண்ணுக்கு. வாப்பா வயலில் ஒரு துண்டை விற்றுக் கட்டிய கல்வீட்டை என் பேரில் எழுதினார். மாப்பிள்ளை ஒரு தகரப் பெட்டியோடு வந்து குடியேறினார். நாலாம் வருஷம் என் இடது மணிக்கட்டை முறித்தார். கல்முனை ஆஸ்பத்திரியில், கிணற்றடியில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னேன். அதற்கு முன்பும் அதே கிணற்றடியில் பல தடவை விழுந்திருந்தேன். டாக்டர் கிணற்றைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

கட்டுப் போட்ட கையோடு உம்மா வீட்டுக்குப் போனேன். அதாவது, என் வீட்டில் அவரை இருக்க விட்டுவிட்டு நான் ஓடினேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என்மேல்தான் கோபம் வருகிறது.

உம்மாவுக்கு வேறு கவலை. “மருமகன் பசி கிடந்தா ஊர் என்ன கதைக்கும்?” என்றார். மாப்பிள்ளைக்குச் சோறு கொடுப்பது பெண் வீட்டுக் கடமை. ஆகவே ஒவ்வொரு நாளும் பகல் சோற்றை வாப்பா கெரியரில் வைத்துச் சைக்கிளில் கொண்டுபோனார். அந்தச் சோற்றுக்கு மீன் ஆணம் நான்தான் ஆக்கினேன், ஒற்றைக் கையால். புளி கூடினால் மாப்பிள்ளைக்குப் பிடிக்காது என்பதால் கவனமாகவே ஆக்கினேன்.

பிறகு, மனைவி கேட்கும் விவாகரத்தான பஸஹ் வேண்டி, எங்கள் கல்யாண வழக்குகளைத் தீர்க்கும் காதியாரிடம் போனோம். ஆண்கள் விறாந்தையில், நான் உள்ளே திரைக்குப் பின்னால். எனக்காக வாப்பா பேசினார். அவர் முடித்ததும் மாப்பிள்ளை நிதானமாகச் சொன்னார்: “அவவுக்கு என்னோட கோபம் ஒண்டும் இல்ல, காதியார். நேத்தும் சூரை மீன் ஆணம் அனுப்பினவ.”

மெய்தானா என்று காதியார் கேட்டார். வாப்பா பொய் சொல்லத் தெரியாதவர். “ஓம்” என்றார். சேர்ந்து வாழச் சொல்லி எங்களை அனுப்பிவிட்டார்கள்.

மறுநாள் சோறு போகவில்லை. மூன்றாம் நாள் மாப்பிள்ளை தன் உம்மா வீட்டுக்குப் போய்விட்டார். நான் போய்ப் பூட்டை மாற்றினேன். விவாகரத்துக்கு இன்னும் ஒன்றரை வருஷம் எடுத்தது.

அது முடிந்த கையோடு பக்கத்து ஊரிலிருந்து ஒரு பெண் வந்தார். தன் மகளுக்கு என் பழைய மாப்பிள்ளையைப் பேசுகிறார்களாம். மாப்பிள்ளையைப் பற்றி விசாரிக்க, அவருடைய முதல் பெண்சாதியிடமே வந்த கெட்டிக்காரி. “மறைக்காமச் சொல்லுங்க மகள், ஆள் எப்படி?”

ஊர் வாய் அப்போதுதான் என்னை விட்டிருந்தது. மறுபடி அதில் விழ எனக்குப் பயம். “நல்லவர்தான், எனக்குத்தான் ஒத்துவரல்ல” என்றேன். அவர் தேத்தண்ணி குடித்துவிட்டுச் சந்தோஷமாகப் போனார்.

இரண்டு வருஷம் கழித்து அந்த மகள் வந்தாள், முன்பல் ஒன்று இல்லாமல். திட்டப்போகிறாள் என்று நின்றேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். “காதியாரிட்ட போகணும், ராத்தா. என்னோட வாறீங்களா?” என்று கேட்டாள்.

அதற்குப் பிறகு எத்தனையோ பெண்களோடு அங்கே போய்வந்துவிட்டேன். முதல் தடவை போனது அவளோடுதான். உள்ளே போகாமல், விறாந்தையிலேயே அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஆண்கள் தொண்டையைச் செருமினார்கள்.

“நீங்க இவவுக்கு என்ன முறை?” என்று காதியார் கேட்டார்.

“இவட உம்மாக்கிட்டப் பொய் சொன்ன ஆள்” என்றேன்.