அன்று காற்றாலை ஓடவில்லை

காற்றாலைச் சங்கத்தில் சேர்ந்தபோது என் கையில் அவர்கள் தந்தது ஒரு தட்டகப்பை. ஞாயிற்றுக்கிழமைகளில் வருகிறவர்களுக்குப் பான்கேக் சுட்டுக் கொடுக்க வேண்டும், கோப்பி ஊற்ற வேண்டும். முதியோர் இல்லத்தில் வேலை செய்கிற குள்ளமான தமிழ்ப் பெண், இவள் வேறென்ன செய்யப்போகிறாள் என்று நினைத்திருப்பார்கள். இரண்டு கோடை சுட்டேன். மூன்றாவது கோடையில் தட்டகப்பையை வைத்துவிட்டு, ஆலையை ஓட்டப் பழக வேண்டும் என்றேன். சிரித்தார்கள். சிரித்தால் சிரிக்கட்டும் என்று ஏணியில் ஏறினேன்.

டென்மார்க்கில், கோல்டிங் நகரிலுள்ள எங்கள் வீட்டிலிருந்து அரை மணித்தியாலம் காரில் போனால் அந்த ஆலை, காற்றில் மா அரைக்கிற பழங்கால ஆலை. டெனிஷ்காரர் இந்த வகையை ஒல்லாந்து ஆலை என்பார்கள். அதற்கு முந்திய ஆலைகளில், காற்று மாறினால் முழு ஆலைவீட்டையும் ஒரு கம்பத்தின்மேல் சுற்றித் திருப்ப வேண்டும். ஒல்லாந்தர்தான் வீட்டை நிற்கவிட்டு, உச்சியிலுள்ள தொப்பியை மட்டும் இறக்கைகளோடு திருப்ப வழி கண்டார்கள். அந்த யோசனையும் என்னைப்போல வெளியிலிருந்து வந்துதான் இந்த நாட்டுக்கு உழைத்தது. வருகிறவர்களுக்கு ஆலையைச் சுற்றிக்காட்டும்போதெல்லாம் இதை நான் சொல்வேன். சிலர் சிரிப்பார்கள், சிலர் சப்பாத்தைப் பார்ப்பார்கள்.

தொப்பியைத் திருப்ப வெளியே, ஆலையைச் சுற்றிப் போகும் மேடையில், ஒரு நீண்ட வால்மரமும் அதில் ஒரு கைச்சக்கரமும் உண்டு. இறக்கைகளைக் காற்றுக்கு நேரே கொண்டுவருவதற்குள் இருபது நிமிடம் போய்விடும், தோளும் கழன்றுவிடும். பிறகு நான்கு இறக்கைகளிலும் கித்தான் விரிக்க வேண்டும். மேலே ஒரு பெரிய பல்சக்கரத்தை மரக்கட்டைகள் வளைத்துப் பிடித்திருக்கும், அதுதான் பிரேக். கயிற்றை இழுத்தால் பிடி தளரும், இறக்கைகள் சுழலும், உள்ளே நம்முடைய திரிகையைப் போலவே மேல்கல் கீழ்க்கல்லின்மேல் திரியும். ஓடவைக்க ஒரு இழுவை போதும். நிறுத்துவதில்தான் விஷயம் இருக்கிறது. கடும் காற்றில் பிரேக் போட்டால் மரமும் மரமும் உரசித் தீப்பிடிக்கும். காற்று பின்பக்கத்தால் அடித்தால் இன்னும் மோசம். முன்பக்கக் காற்றுக்கென்று கட்டிய தொப்பி அப்படியே பெயர்ந்து விழலாம். அதனால் சங்கத்தில் ஒரு விதி எழுதித் தொங்குகிறது: ஓடுவதா நிற்பதா என்பதை அன்றைய பொறுப்பாளரே தீர்மானிப்பார்.

இரண்டு குளிர்காலம் பழகிச் சோதனையில் தேறினேன். யூன் மாதத்தில் நாடெங்கும் காற்றாலைகளைத் திறந்துவைக்கும் ஞாயிறன்று பொறுப்பாளராக முதல்முறை என் பெயரைப் போட்டார்கள். என் கணவர் எங்கள் தேவாலயப் பங்குச் சனத்துக்கெல்லாம் சொல்லிவிட்டார். பூசை முடிந்து பத்துக் கார்களில் வந்து இறங்கினார்கள். நகரசபையிலிருந்தும் கமராவோடு ஆட்கள் வந்திருந்தார்கள்.

கிழக்கிலிருந்து இதமான காற்று. இறக்கைகளைக் கிழக்கே திருப்பிக் கித்தானும் விரித்தாயிற்று. கயிற்றில் கை வைத்தபடி ஒருமுறை திரும்பிப் பார்த்தேன். தென்மேற்கில், வயல்களுக்கு அப்பால், இடிமேகம் ஒன்று எழும்பி நின்றது. அப்படிப்பட்ட மேகம் காற்றைத் தன் பக்கம் இழுக்கும். எங்கள் இதமான காற்று அதை நோக்கித்தான் போய்க்கொண்டிருந்தது. மேகம் கிட்ட வந்தால் காற்று சட்டென்று எதிர்ப்பக்கம் திரும்பி, நேரே ஆலையின் முதுகில் அறையும். தொப்பியைத் திருப்ப எனக்கு இருபது நிமிடம் வேண்டும். கீழே பிள்ளைகள் ஓடித் திரிந்தார்கள்.

“இப்போது ஓடாது” என்றேன்.

சங்கத் தலைவர் படியேறி வந்தார். “பத்து நிமிடம் மட்டும். படம் எடுக்கத்தான்.”

“ஒரு நிமிடமும் இல்லை.”

“அந்த மேகம் வடக்கே போய்விடும்.”

“போகட்டும். போன பிறகு ஓட்டுகிறேன்.”

“இத்தனை பேர் வந்திருக்கிறார்களே!”

“அதனால்தான்.”

அவர் முகம் சிவக்க இறங்கினார். நான் கித்தான்களைச் சுருட்டத் தொடங்கினேன். பின்னாலேயே என் கணவர் மூச்சு வாங்க ஏறி வந்தார்.

“இஞ்சரும், சனம் முழுக்கப் பாத்துக்கொண்டு நிக்குது. ஒருக்காச் சுத்திக் காட்டினால் என்ன குறைஞ்சு போகும்? என்ரை மானம் போகுது.”

“உங்கடை மானத்துக்காக ஆரோ ஒரு பிள்ளையின்ரை தலையில செட்டையை விழுத்தேலாது. போய்ச் சனத்துக்குப் பான்கேக் வாங்கிக் குடுங்கோ.”

மேகம் இரண்டு மணித்தியாலம் அதே இடத்தில் நின்று மிரட்டிவிட்டு, தலைவர் சொன்னபடியே வடக்கே போனது. எங்களுக்கு ஒரு துளிகூட விழவில்லை. அதற்குள் கமராக்காரர் போய்விட்டார்கள், கார்களும் ஒவ்வொன்றாகக் கிளம்பின. பங்கிலிருந்து வந்த அக்கா ஒருவர், “இதைக் காட்டவோ பிள்ளை எங்களைக் கூப்பிட்டனீ?” என்று கேட்டார். வெட்கத்தில் காது சுட்டது. ஆலைக்குள் போய்க் கொஞ்சம் அழுதேன். ஆனால் பிழை செய்தேன் என்று ஒரு கணமும் நினைக்கவில்லை. மேகம் போன திசையைப் பார்த்துத் தீர்மானிக்க யாராலும் முடியும். எனக்கு அது நின்ற திசை மட்டுமே தெரிந்திருந்தது.

ஆலையில் ஒரு நாட்குறிப்புக் கொப்பி உண்டு. அன்றைய காற்று, ஓடிய நேரம், பழுது எல்லாம் எழுதுவோம். பின்னேரம் தலைவர் அதைத் திறந்து என் முன்னால் வைத்தார்.

“பிரேக்கில் கோளாறு என்று எழுதிவிடு. நகரசபைக்கும் பதில் சொல்லலாம், உனக்கும் கெட்ட பெயர் வராது.”

நல்லெண்ணத்தோடுதான் சொன்னார். அதுதான் எனக்கு இன்னும் எரிந்தது. பழுதான பிரேக்கை எல்லாரும் மன்னிப்பார்கள். தெரிந்துதான் வேண்டாம் என்றாள் என்பதைத்தான் தாங்கமாட்டார்கள். பேனாவை வாங்கி எழுதினேன்: ‘கிழக்குக் காற்று. தென்மேற்கில் இடிமேகம். ஆலையில் ஒரு கோளாறும் இல்லை. ஓட்ட வேண்டாம் என்று முடிவெடுத்தது நான்.’ கீழே முழுப்பெயரையும் போட்டேன்.

“பிழையென்றால் இதற்குக் கீழே எழுதுங்கள்” என்று பேனாவை நீட்டினேன். அவர் அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

அடுத்த பொறுப்பாளர் பட்டியல் வந்தபோது கோடை முழுவதும் என் பெயர் இல்லை. நவம்பரில் ஒரு ஞாயிறு மட்டும் தந்திருந்தார்கள். அந்த மாதத்தில் ஆலைப் பக்கம் ஒருவரும் எட்டிப்பார்க்கமாட்டார்கள்.

“தண்டனைதான் தந்திருக்கினம். விட்டிட்டுப் பேசாமல் இரும்” என்றார் கணவர்.

“நவம்பரிலதான் நல்ல காத்து. ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு வாங்கோ.”

போனோம். கைதட்ட ஒருவரும் இல்லை. மேற்கிலிருந்து சீரான காற்று, வானம் வெளித்திருந்தது. தொப்பியைத் திருப்ப என் கணவரும் கை கொடுத்தார். நான்கு திசையையும் இரண்டு முறை பார்த்துவிட்டுக் கயிற்றை இழுத்தேன். பின்னேரம் முழுக்க ஓட்டினேன். காற்று இன்னும் நன்றாக இருக்கும்போதே, யாரையும் கேட்காமல் நிறுத்தினேன்.