முக்காலிக்கும் ஒரு தடை உத்தரவு

தராசுத் தட்டில் விறகை அடுக்கிவிட்டு, வீரமலை முக்காலியைச் சுற்றிக்கொண்டு எடைக்கல் எடுக்கப் போகிறார். நேரே போனால் பக்கம். முக்காலியை ஓரமாக நகர்த்தினால் தீர்ந்தது. அதைச் சொன்ன முதல் ஆளும் நான் அல்ல, முறைப்பு வாங்கிய முதல் ஆளும் நான் அல்ல. போன வாரம் வரை அவர் பதில் ஒன்றுதான்.

“தொடாதீங்க. கோர்ட்டு ஆர்டர் இருக்கு.”

பாலக்கரையில் விறகுக்கடை வைத்திருக்கிறார். துறையூர்ப் பக்கத்திலிருந்து வண்டியில் வரும் விறகு. தலையில் துண்டு, காதில் செருகிய பீடி. அதைக் கடைக்குள் பற்றவைக்க மாட்டார். தெருவைக் கடந்து எதிர்ச்சாரிக்குப் போய்த்தான் குடிப்பார்.

அறுபதாம் வருஷம் முனிசிபாலிட்டி விறகுக்கடை லைசென்ஸ் கட்டணத்தை மும்மடங்காக்கியது. கட்டாவிட்டால் கடையைப் பூட்டுவதாக நோட்டீஸ் வந்தது. வீரமலையும் மனைவி காளியாயியும் வக்கீலைப் பிடித்து வழக்குப் போட்டார்கள். வழக்கு முடியும்வரை கடையில் கை வைக்கக் கூடாதென்று முன்சீப் கோர்ட் இடைக்காலத் தடை கொடுத்தது. வக்கீல் குமாஸ்தா மாத்ருபூதம் அதை விளக்கினார்: “கேஸ் முடியற வரைக்கும் கடை இருந்தது இருந்தபடி இருக்கணும். ஒண்ணையும் மாத்தப்படாது.”

அவர் சொன்னது முனிசிபாலிட்டியை. வீரமலை தனக்கென்று எடுத்துக்கொண்டார். கூரைத் தகரம் ஓட்டையானது, மாற்றவில்லை. கதவு ஒரு கீலில் தொங்கியது, தொங்கட்டும் என்று விட்டுவிட்டார். மழை பெய்தால் விறகு நனையும். ஐப்பசி முழுக்க என் வீட்டு அடுப்பு புகைந்தபோதெல்லாம் முன்சீப் கோர்ட்டைத்தான் மனத்துக்குள் திட்டிக்கொண்டிருந்தேன்.

அந்த முக்காலியில் உட்கார்ந்து காசு வாங்கிப் போட்டவர் காளியாயி. தடை வந்த மறு வருஷம் மஞ்சள்காமாலையில் போய்விட்டார்.

அதற்குப் பிறகு ஒருநாள் கடைக்கு வந்த மாத்ருபூதம், ஓட்டைக் கூரையைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். “கூரையைத் தாராளமா மாத்திக்கலாம், வீரமலை. தடை உமக்கில்லே, அவாளுக்கு.”

வீரமலை தலையாட்டினார். ஆனால் மாற்றவில்லை. கூரையை மாற்றலாமென்றால் முக்காலியையும் எடுக்கலாமென்று ஆகிவிடும். இது எனக்குப் புரிய வெகுநாள் பிடித்தது. அதற்கப்புறம் ஈர விறகைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை.

போன வாரம் தீர்ப்பு வந்தது. கட்டணம் செல்லும், வழக்கு தள்ளுபடி. அத்தோடு தடையும் போயிற்று. வீரமலை கட்டணத்தைக் கட்டினார். மாத்ருபூதத்திடம் மட்டும் ஒன்று கேட்டார்.

“சாமி, இந்த முக்காலிக்கு மட்டும் ஒரு ஆர்டர் வாங்கித் தர முடியுங்களா?”

குமாஸ்தா குடையை விரித்துக்கொண்டு வெயிலில் இறங்கி நடந்தார்.

நேற்று தகரம் மாற்ற மருதை வந்திருந்தார். ஏணி கொண்டுவரவில்லை. தாழ்ந்த கூரைதான், ஏறி நிற்க ஏதாவது கிடைத்தால் போதும்.

“அந்த முக்காலியை இப்படித் தள்ளுங்கண்ணே, ஏறிக்கறேன்.”

வழக்கமான பதிலுக்காக நான் காத்திருந்தேன். அது வரவில்லை. வீரமலை தலைத்துண்டை அவிழ்த்து, மடித்துத் தோளில் போட்டுக்கொண்டார். முக்காலியைச் சுற்றிக்கொண்டு சுவரோரம் போய்க் குந்தி, மருதை ஏறுவதற்குத் தோளைக் காட்டினார்.