நசுங்கிய டம்ளரில் வெட்டிய டீ கேக்

எங்கள் அண்ணியின் சமையலறையில் விளிம்பு நசுங்கிய எவர்சில்வர் டம்ளர் ஒன்று இருக்கிறது. அதில் யாரும் தண்ணீர் குடிப்பதில்லை. கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் மட்டும், டீ கேக் வெட்டுவதற்காகப் பரணிலிருந்து இறங்கும். எங்கள் அண்ணனைத்தான் கட்டிக்கொள்வேன் என்று அண்ணி சொன்ன அன்று, வாலாஜாபாத்தில் அவருடைய அப்பா காபியோடு சுவரில் விட்டெறிந்த டம்ளர் அது. "அந்த வேதக்காரங்க ஊட்ல பச்சத் தண்ணிகூடக் குடிக்க மாட்டேன்" என்றாராம். அண்ணி வீட்டை விட்டு வந்தபோது, நகைகளை அங்கேயே வைத்துவிட்டு இதைப் பைக்குள் போட்டுக்கொண்டு வந்தார். சின்ன காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவே அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தது.

எங்கள் டீ கேக் மேலே பிஸ்கட், உள்ளே கேக். வெண்ணெயையும் சர்க்கரையையும் குழைத்து, முட்டை அடித்து ஊற்றி, மைதா சேர்த்துப் பிசைந்து, தட்டி, டம்ளரால் வட்டமாக வெட்டுவோம். அப்போது ஓவன் ஏது? பழைய இட்லிக் குண்டானில் மணல் பரப்பி, அதற்குள் தட்டை வைத்து மூடிவிடுவோம். டம்ளர் நசுங்கியிருந்ததால் ஒவ்வொரு வட்டத்திலும் ஒரு பக்கம் யாரோ கடித்த மாதிரி பள்ளம் விழும். நான்தான் கடித்தேன் என்று பழி வேறு வரும்.

கல்யாணமாகிச் சில வருடங்கள் கழித்து அண்ணன் நேரில் போய் மாமனாரைக் கிறிஸ்துமஸுக்கு அழைத்தான். "வர்றேன். ஆனா கை நனைக்க மாட்டேன்" என்று சொல்லி அனுப்பினார். அதைக் கேட்டதிலிருந்து அண்ணிக்கு இருப்பே கொள்ளவில்லை. அப்பா இந்த வீட்டில் ஒரு வாயாவது சாப்பிட வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள், மறுநாள் அப்பாவுக்குப் பிடித்த கோயில் இட்லி செய்ய சுக்கு, மிளகு, சீரகத்தை இடித்து பாட்டிலில் வைத்தார். டீ கேக்குக்கான ஏலக்காய், ஜாதிக்காய்ப் பொடி பக்கத்து பாட்டிலில் இருந்தது. பனியில் அண்ணிக்கு மூக்கு அடைத்திருந்தது.

டீ கேக்கைச் சுட்டு எடுத்ததும் ஒன்றை எடுக்கப் போன என் கையில் பட்டென்று ஒரு அடி விழுந்தது.

"சாமிக்கு முன்னாடி வாயில வெக்கக் கூடாதும்மா."

"எங்க சாமி கோவிச்சிக்க மாட்டாரு அண்ணி."

"எந்த சாமியா இருந்தா இன்னா? எச்சில் எச்சில்தான்."

பிறந்த வீட்டுப் பழக்கம். அதனால் ஒருவரும் ருசி பார்க்கவில்லை.

மறுநாள் சர்ச்சிலிருந்து வந்து நாங்கள் ஜெபம் முடிக்கவும், அண்ணியின் அப்பா வாசலில் செருப்பைக் கழற்றவும் சரியாக இருந்தது. நாற்காலி நுனியில் உட்கார்ந்தார். அண்ணி தட்டை வைத்துவிட்டுக் கதவோரமாக நின்றுகொண்டார். வேண்டாம் என்று கை அசைக்கப் போனவர், தட்டையே பார்த்தார். ஒன்றை எடுத்து அந்தப் பள்ளத்தைக் கட்டைவிரலால் தடவினார்.

"அந்த டம்ளரா?"

அண்ணி தலையாட்டினார். அவர் ஒரு கடி கடித்தார். நானும் ஆசையாக ஒன்றை வாயில் போட்டேன். மிளகு! தொண்டை எரிந்தது. அவர் இருமினார். என்ன நடந்தது என்று அண்ணிக்குப் புரிந்துவிட்டது. "துப்பிடுப்பா, பொடி மாறிப்போச்சுப்பா" என்று அழுதேவிட்டார்.

அவரோ கண்ணில் நீர் வழியச் சிரித்துக்கொண்டிருந்தார். "இன்னாம்மா இது, கோயில் இட்லிய பிஸ்கட்டா சுட்டுட்டியா? தித்திப்பா எதுனா குடுப்ப, வேணாம்னு சொல்லிடலாம்னு நெனச்சிக்கினு வந்தேன். இத எப்படிம்மா வேணாம்னு சொல்றது?" அடுத்ததை எடுத்துக்கொண்டு, "டீ இருக்குதா?" என்றார். அந்த நிமிஷம் எங்கள் வீட்டில் இருந்த சந்தோஷத்தை நான் வேறெந்தக் கிறிஸ்துமஸிலும் பார்த்ததில்லை. அதிலிருந்து எங்கள் வீட்டு டீ கேக்கில் மிளகு நிலைத்துவிட்டது.

இப்போது அண்ணியிடம் ஓவன் இருக்கிறது. இந்த வருடம் ஆன்லைனில் நட்சத்திர அச்சும் வாங்கிவிட்டார். முந்தின நாளே வந்து இறங்கிவிட்ட அவருடைய அப்பா, முதலில் வெந்த நட்சத்திரத்தை, பள்ளத்தைத் தேடுவது போலத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இதுல நான் எந்தப் பக்கம்மா இருக்கேன்?"

அண்ணி பரணிலிருந்து டம்ளரை இறக்கி, கழுவி, அவரிடமே கொடுத்தார். அன்றைக்கு அதை விட்டெறிந்த அதே கைதான். மாவின் மேல் டம்ளரை வைத்து, இரண்டு கைகளாலும் மெதுவாக அழுத்தினார்.