பெரியவாப்பா சுட்ட ஏழு விமானங்கள்

எட்டு வயதில் நான் பொய் சொல்வதில் கெட்டிக்காரி. கூச்சமே கிடையாது. அப்படிச் சொன்ன பொய்களிலேயே பெரியதுதான் எங்கள் பெரியவாப்பாவை எம்.எல்.ஏ. ஆக்கியது. அளக்கிறேன் என்று நினைக்க வேண்டாம், கேளுங்கள்.

பெரியவாப்பா என் வாப்பாவின் அண்ணன். பழவேற்காட்டில் எங்கள் தெரு முழுக்க ஒரு காலத்தில் கப்பல் வியாபாரம் பார்த்த குடும்பங்கள். அந்தத் தெருவிலிருந்து ஆகாயத்துக்குப் போனவர் அவர் ஒருவர்தான். விமானப்படையில் பைலட்டாக இருந்தார், போருக்கும் போனார். திரும்பி வந்த கையோடு வேலையை விட்டுவிட்டு லண்டனுக்குப் போய் பாரிஸ்டர் படித்தார். ஏன் விட்டீர்கள் என்று யாராவது கேட்டால், "காது வலிச்சிது" என்பார். பொன்னேரி கோர்ட்டுக்கு லண்டன் படிப்பா என்று உம்மா முணுமுணுப்பார். மீனவர் வழக்கென்றால் பெரியவாப்பா ஒரு பைசா வாங்க மாட்டார். "ஓட்டுக்கு அடி போடுறாரு" என்றது ஊர். அவர் தேர்தலில் நின்றதும், "பாத்தியா, நான் அப்பவே சொல்லல?" என்று தன்னையே மெச்சிக்கொண்டது.

போரைப் பற்றி மட்டும் வாயைத் திறக்க மாட்டார். எனக்கு அதுதான் பெரிய வயிற்றெரிச்சல்.

பள்ளியில் என் பக்கத்தில் உட்காருபவள், மீனவர் ஊரான கோட்டைக்குப்பத்தின் ஊர்த் தலைவருடைய மகள். அவளுடைய நைனா கடலில் படகு கவிழ்ந்து, ஒரு பகல் முழுக்க நீந்திக் கரையேறியவர். வாரம் ஒரு தடவையாவது அந்தக் கதையை எடுத்துவிடுவாள். ஒவ்வொரு தடவையும் ஒரு சுறா கூடும். மூன்றாவது சுறா வந்த அன்று எனக்குப் பொறுக்கவில்லை.

"எங்க பெரியவாப்பா ஏழு ஏரோப்ளேன சுட்டுத் தள்ளினாரு, தெரியுமாடி?" என்றேன். எட்டு என்றுதான் வாய் வரை வந்தது. நம்ப மாட்டாளே என்று ஒன்றைக் குறைத்துக்கொண்டேன்.

அவள் வீட்டில் சொல்ல, வீடு குப்பத்தில் சொல்ல, பத்தே நாளில் பெரியவாப்பா 'ஏழு ஏரோப்ளேன் பாரிஸ்டர்' ஆகிவிட்டார். கட்சிக்காரர்கள் சும்மா இருப்பார்களா? சுவருக்குச் சுவர் ஏழு விமானம் வரைந்தார்கள். ஒவ்வொன்றும் மீனுக்கு இறக்கை முளைத்தது போல இருந்தது. பெரியவாப்பா கண்டபடி திட்டி எல்லாவற்றையும் அழிக்கச் சொன்னார். கிளப்பிவிட்டது கட்சிக்காரர்கள்தான் என்று அவருக்கு நினைப்பு. நான் ஒன்றும் தெரியாதவள் போலப் பனங்கிழங்கு தின்றுகொண்டிருந்தேன்.

ஓட்டுக் கேட்கப் போகும்போதெல்லாம் ஜீப்பில் என்னையும் ஏற்றிக்கொள்வார். ஒலிபெருக்கியில் "ஹலோ ஹலோ" சொல்லிப் பார்ப்பது என் வேலை. வழியெல்லாம் இறால் காயும் வாசனை. அந்த வாரங்களைப் போல நான் பிறகு என்றைக்குமே சந்தோஷமாக இருந்ததில்லை.

கோட்டைக்குப்பத்தில் ஆளாளுக்கு ஓட்டுப் போடுவது கிடையாது. அம்மன் கோயில் முன்னால் ஊர் கூடி முடிவு செய்யும், மொத்தமும் ஒரே பக்கம் விழும். அந்த ஓட்டு கிடைத்தால்தான் பெரியவாப்பா ஜெயிக்க முடியும் என்று எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். ஊர்க்கூட்டத்தில் பொய் சொல்கிறவனை அந்தக் குப்பம் பிறகு வாசலில்கூட ஏற்றாது.

அப்படி ஊர் கூடிய அன்றைக்கு, பெரியவாப்பா பேசி முடித்ததும் ஊர்த் தலைவர் எழுந்தார். "பாரிஸ்டரய்யா, ரோடு போடறேன், கரண்டு வுடறேன்னு எல்லாருந்தான் சொல்லிட்டுப் போறாங்க. எங்களுக்கு ஒண்ணு தெரியணும். ஏழு ஏரோப்ளேன சுட்டீங்களாமே, மெய்தானா?"

"யாரு சொன்னது?" கோர்ட்டில் சாட்சியைக் கேட்பது போலக் கேட்டார் பெரியவாப்பா.

"உங்க வூட்டுப் பொண்ணுதான். தோ, ஜீப்புல குந்திகினு கீதே, அதான் எம் பொண்ணாண்ட சொல்லிச்சு."

அத்தனை தலைகளும் என் பக்கம் திரும்பின. யா அல்லா! அவர் இல்லை என்று சொன்னால் நான் பொய்க்காரி, இனிப் பள்ளிக்கூடத்தில் தலைகாட்ட முடியாது. ஆமென்றால் அவர் பொய்க்காரர். பெரியவாப்பா என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கூட்டத்தைப் பார்த்து, "எங்க வூட்டுப் புள்ள பொய் சொல்லாது" என்றார்.

ஒரே கைதட்டல், விசில். அங்கேயே ஓட்டு முடிவாகிவிட்டது. தலைவர் இளநீர் வெட்டி முதலில் எனக்குத்தான் கொடுத்தார்.

திரும்பும்போது ஏரிக்கரையில் ஜீப்பை நிறுத்தி, டிரைவரை டீ குடிக்க அனுப்பினார் பெரியவாப்பா. சரி, அடிதான் விழப்போகிறது என்று நான் முன்கூட்டியே அழ ஆரம்பித்தேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை. வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. படகுகள் ஒவ்வொன்றாகக் கரைக்கு வந்துகொண்டிருந்தன.

"ஏரோப்ளேன் ஒண்ணுகூட இல்லம்மா" என்றார்.

"அப்ப இன்னாத்த சுட்டீங்க?"

"படகு. தோ, இந்த மாதிரிப் படகுங்கதான். ஒரு ஆத்துல வரிசையாப் போச்சு. சுடுன்னாங்க, சுட்டேன். தாழப் பறந்து திரும்பி வந்தப்பதான் பாத்தேன். தண்ணி மேல வலை மெதக்குது."

"எத்தினி படகு?"

"எண்ணல."

எனக்கு வந்த ஏமாற்றத்தைச் சொல்லி முடியாது. விமானம் இல்லையென்றால் ஒரு கப்பலாவது இருக்கக் கூடாதா? போயும் போயும் மீன்பிடிப் படகு! இதை வெளியே சொன்னால் சிரிப்பார்கள். இத்தனை பெரிய மனிதர் சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் இல்லாமல் இப்படி நிற்கிறாரே என்று அவர்மேல் பரிதாபமாக இருந்தது. அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"நீங்க கவலப்படாதீங்க பெரியவாப்பா. வெறும் படகுதான்னு நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்."

அவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, என் கையை முகத்தோடு வைத்துக்கொண்டு அழுதார். குப்பத்து ஓட்டு கிடைத்துவிட்ட சந்தோஷம் என்று நினைத்துக்கொண்டேன்.