மாப்பிள்ளையின் அம்மாவுக்கு ஒரு நாற்காலி

எங்கள் சித்தியின் கல்யாணத்தை வீட்டில் யாரும் கல்யாணம் என்று சொல்லவில்லை. கையெழுத்து என்றார்கள். கையெழுத்துக்கு எந்தப் புடவை, கையெழுத்துக்கு யார் யார் வருகிறார்கள், கையெழுத்தன்று எனக்குப் பள்ளிக்கூடம் உண்டா கிடையாதா என்று ஒரு மாதமாக இதே பேச்சு. தொண்ணூறுகளின் நடுவில் வங்காளத்தில், பெஹாலாவில் ஒரு மாடி வீட்டில் குடியிருந்தோம். அப்பாவுக்குத் துறைமுகத்தில் உத்தியோகம். அம்மாவின் தங்கையான சித்தி, மத்திய அரசு வேலை கிடைத்துத் திருநெல்வேலியிலிருந்து வந்து எங்களோடு இருந்தாள். கூட வேலை பார்த்த ஜாதவ்பூர் வங்காளி ஒருவரை அவளுக்குப் பிடித்துப்போயிற்று. அவருக்கும்தான்.

ஊரிலிருந்த தாத்தா போனில் ஒரே வரியில் முடித்துவிட்டார். “ஆபீஸ்ல போய்க் கையெழுத்துப் போடுததெல்லாம் ஒரு கல்யாணமா? நான் வரல.” எஸ்.டி.டி. பூத்திலிருந்து வரும் வழியெல்லாம் சித்தி என்னோடு சிரித்துப் பேசிக்கொண்டே வந்தாள். வீட்டுக்குள் நுழைந்ததும் குளியலறைக்குப் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள். அவளுக்குப் பெற்ற தாயும் இல்லை. சின்ன வயதிலேயே போய்ச் சேர்ந்துவிட்டாள்.

அதனால் சித்திக்கு ஒரே ஒரு ஆசைதான் பாக்கி. மாப்பிள்ளையின் அம்மாவாவது வந்து பக்கத்தில் நிற்கவேண்டும். அந்த அம்மாள் ஒரு தடவை எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். இட்லியைச் சர்க்கரை தொட்டுச் சாப்பிட்டார், புன்னகைத்தார், போய்விட்டார். பிடித்திருக்கிறதா இல்லையா என்று அந்த முகத்திலிருந்து யாரும் எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை. “வருவாகளாக்கா?” என்று சித்தி தினமும் அம்மாவைக் கேட்டாள். அம்மாவும் தினமும் வருவாள் வருவாள் என்றாள்.

ரெஜிஸ்ட்ராரின் ஆபீஸ் என்பது அவர் வீட்டு முன்னறைதான். பதினைந்து பேருக்கு மேல் நிற்க இடமில்லை. அதைக் கேட்டு அப்பாவுக்குப் பரம சந்தோஷம், செலவு மிச்சமென்று. அம்மா விடுவாளா? கல்யாணச் சாப்பாடுதான் கொடுத்துவைக்கவில்லை, மறுவீட்டுக்கு வைக்கிற தேங்காய்ப்பால் சொதியாவது நம் கையால் போடுவோம் என்று தேங்காய்களை வாங்கிக் குவித்தாள். மீன் இல்லாமல் வங்காளிகளுக்கு விருந்து வைப்பதெப்படி என்று அடுத்த கவலை. எங்கள் அடுப்பில் மீன் ஏறாது. கீழ்வீட்டுக் காக்கிமா, மீன் என் பொறுப்பு, பிடித்தவர்கள் கீழே இறங்கி வந்து சாப்பிட்டுக்கொள்ளட்டும் என்று தீர்த்துவைத்தாள். அவளைக் காக்கிமா, அதாவது சித்தி, என்றுதான் கூப்பிடுவேன். பாதி நேரம் அவள் வீட்டில்தான் கிடப்பேன். தமிழைவிட வங்காளம்தான் எனக்குச் சரளமாக வந்தது. சம்பந்தியம்மாளுக்கென்று சிவப்புக் கரை வைத்த பட்டுப் புடவையும் வாங்கியாயிற்று.

அந்த நாளும் வந்தது. நல்ல குளிர்காலம். ரெஜிஸ்ட்ரார் வீட்டில் அம்மா முதல் காரியமாக மேஜைக்குப் பக்கத்தில் இருந்த நல்ல நாற்காலியைப் பிடித்து, அதன்மேல் புடவைப் பையை வைத்தாள். என் பாவாடை இடுப்பை அறுத்தது. பசி வேறு. மாப்பிள்ளை வந்தார், அவருடைய அப்பா வந்தார், நண்பர்கள் நாலு பேர் வந்தார்கள். சித்தி வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

உங்கள் அம்மா எங்கே என்று என் அப்பா மாப்பிள்ளையைக் கேட்டார். “மா வீட்டில்தான் இருக்கிறாள்” என்றார் மாப்பிள்ளை, மணி என்ன என்று கேட்டால் சொல்வதுபோல.

சித்தியின் முகம் அப்படியே விழுந்துவிட்டது. ரெஜிஸ்ட்ரார் பேனாவை நீட்டினார், அவள் வாங்கவில்லை. மாப்பிள்ளையின் அப்பா வந்திருக்கிறார், அம்மா வரவில்லை என்றால் என்ன அர்த்தம்? எங்கள் ஆட்களுக்கு ஒரே அர்த்தம்தான். “எங்க வீட்லயும் வரல, அவுக வீட்லயும் வரல. பெரியவுக மனசு இல்லாம எனக்கு இது வேண்டாங்க்கா” என்றாள், மெல்லத்தான். மாப்பிள்ளைக்குத் தமிழ் புரியவில்லை. ஆனால் ஏதோ கெட்டுப்போயிற்று என்று புரிந்து, ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தார், பாவம்.

எனக்கு இவர்கள் எல்லோர்மேலும் எரிச்சலாக வந்தது. “அவங்க எப்படி வருவாங்க? பையன் கல்யாணத்த அம்மா பாக்கக் கூடாதுல்லா” என்றேன்.

“ஏட்டி, நீ சும்மா இரு” என்றாள் அம்மா.

எப்படிச் சும்மா இருப்பது? போன வருஷம் காக்கிமாவின் மகன் கல்யாணத்தன்று பெண் வீட்டுக்கு எல்லோரும் பஸ் ஏறிப் போனபோது, காக்கிமா மட்டும் வீட்டில் தங்கி என்னோடு லூடோ ஆடினாள். ஏன் போகவில்லை என்று கேட்டேன். பெற்றவள் பார்த்தால் பிள்ளையின் கல்யாண வாழ்வுக்கு ஆகாது என்றாள். பகடையை உருட்டவே மறந்து, தாலி கட்டியிருப்பார்களா என்பதுபோல அவர்கள் வழக்கத்தில் என்னவோ கேட்டுக்கொண்டே இருந்தாள். எங்கள் வீட்டார் வங்காளிக் கல்யாணங்களுக்கு வரவேற்புச் சாப்பாட்டுக்குத்தான் போவார்கள். அங்கே மாப்பிள்ளையின் அம்மா பளபளவென்று நிற்பாள். அதற்கு முன்னால் கல்யாணத்தன்று அவள் வராத கதை இவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது?

அப்பா தன் துறைமுக வங்காளத்தில் விசாரித்தார். மாப்பிள்ளையின் அப்பா தலையில் கை வைத்துக்கொண்டார். இதைப் போய்ச் சொல்லவேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லையாம். விடிந்ததிலிருந்து அவள் பச்சைத்தண்ணீர்கூடக் குடிக்கவில்லை, பாலில், காலுக்குப் பூசும் ஆல்தாச் சிவப்பைக் கரைத்துத் தட்டில் வைத்துக்கொண்டு, மருமகள் கால் வைத்து உள்ளே வரவேண்டுமென்று காத்திருக்கிறாள் என்றார்.

சமாதானமாகிவிட்டது, இனி சாப்பாடுதான் என்று நான் நினைத்தேன். சித்தியோ அப்போதுதான் விம்மி விம்மி அழ ஆரம்பித்தாள். அழுதுகொண்டே கையெழுத்துப் போட்டாள். சொதி காத்திருக்கட்டும் என்று எல்லோரும் டாக்சி பிடித்து முதலில் ஜாதவ்பூருக்குப் போனோம். சங்கு ஊதினார்கள். சிவந்த பாலில் கால் வைத்துச் சித்தி உள்ளே போனாள். அம்மா பட்டுப் புடவையை நீட்ட, அந்த அம்மாள் அதை வாங்கிக்கொண்டு அவளையும் சேர்த்துக் கட்டிக்கொண்டார். எனக்குச் சந்தேஷ் இனிப்பு கிடைத்தது, இரண்டு.

நல்ல சேதியைக் கேட்டு எதற்காக ஒருத்தி அப்படி அழவேண்டும் என்று வெகுநாள் எனக்கு விளங்கவே இல்லை. தாத்தா, அப்பா, அம்மா, ஏன், சித்திகூட, எல்லோருமே அதைக் கையெழுத்து என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தோம். வெறும் கையெழுத்து என்று நினைத்திருந்தால், அந்த அம்மாளும் தாராளமாக வந்து அந்த நாற்காலியில் உட்கார்ந்திருப்பார்.