கீழ்வீட்டுப் பையன்

செய்தி முதலில் பெற்றோர்களின் வாட்ஸ்அப் குழுவில்தான் வந்தது. யாரோ ஒரு டிவி வீடியோவைப் போட்டிருந்தார்கள். ஒன்பதாம் வகுப்பு மாணவன் குத்திக் கொலை, சக மாணவன் பிடிபட்டான் என்று சிவப்புப் பட்டையில் எழுத்து ஓடிக்கொண்டிருந்தது. பள்ளியின் பெயரைச் சொல்லவில்லை. ஆனால் பின்னால் தெரிந்த பச்சைச் சுவரை எனக்குத் தெரியும். என் மகன் அங்கேதான் ஒன்பதாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தான்.

அலுவலகம் தாம்பரத்தில். ஆட்டோவில் ஏறி உட்கார்ந்தபோது என் மனதில் இருந்தது ஒரே கேள்விதான்: செத்தது என் பிள்ளையா? கேம்ப் ரோடு நெரிசலில் ஆட்டோ நின்றபோது அந்தக் கேள்வி திடீரென்று திரும்பிக்கொண்டது. குத்தியது என் பிள்ளையாக இருந்தால்? அந்த நினைப்பு எங்கிருந்து வந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. எந்தப் பயம் பெரியது என்று என்னால் சொல்ல முடியவில்லை.

பள்ளி வாசலில் கூட்டத்துக்கு நடுவே அவன் பையைக் கட்டிக்கொண்டு நின்றிருந்தான். என்னைப் பார்த்ததும் அழவில்லை.

"நம்ம கீழ்வீட்டு அவன்மா" என்றான். "அவன்தான் குத்திட்டான்."

மேடவாக்கத்தில் எங்கள் அடுக்குமாடியில், எங்களுக்கு நேர் கீழே அந்தப் பையனும் அவன் அம்மாவும் குடியிருந்தார்கள். அப்பா எப்போதோ பிரிந்து போய்விட்டார். அம்மா ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை பார்த்தாள். பையன் என் மகனோடு ஒரே வேனில் பள்ளிக்குப் போவான். நாய்க்குப் பயந்து கேட்டுக்குள் ஓடிவருகிறவன். லிஃப்ட் பழுதான சமயம் எங்கள் தண்ணீர் கேனைத் தோளில் தூக்கிவந்து வைத்துவிட்டு, "இருக்கட்டும் ஆன்ட்டி" என்று காபியைக்கூட வாங்காமல் இறங்கிப் போனவன். அவன் வீட்டிலிருந்து காய் நறுக்கும் கத்தியை எடுத்துப் போயிருக்கிறான். வகுப்பறைக்குப் பின்னால் தண்ணீர்த் தொட்டியருகே வைத்து, தன் வகுப்புப் பையனை அந்தக் கத்தியால் குத்தியிருக்கிறான். செத்தவன் பம்மல் பையன். வீட்டுக்கு ஒரே பிள்ளை.

அந்த வாரம் தெரு முழுக்க டிவிக்காரர்கள். குடியிருப்போர் கூட்டத்தில் அந்த அம்மாவை உடனே காலி செய்யச் சொல்ல வேண்டும் என்றார்கள். "இந்த மாதிரிப் பசங்களை எல்லாம் தூக்குல போடணும் சார். வயசாவது ஒண்ணாவது" என்றார் ஒருவர். போன தீபாவளிக்கு அதே பையனின் தோளில் கைபோட்டு செல்ஃபி எடுத்தவர் அவர். ஆளுக்கொரு காரணம் வைத்திருந்தார்கள். செல்போன் என்றார்கள். சினிமா என்றார்கள். அப்பா இல்லாத வீடு, வேலைக்குப் போகும் அம்மா என்றார்கள். எனக்கும் ஒரு காரணம் தேவைப்பட்டது. காரணம் தெரிந்தால் அது என் வீட்டில் இருக்கிறதா இல்லையா என்று தேடிப் பார்த்துவிடலாமே.

தேடவும் செய்தேன். மகன் குளிக்கப் போனால் அவன் பையைத் துழாவினேன். அவன் போனைப் பார்த்தேன். அவன் கதவைச் சாத்தினால் வெளியே நின்று காது கொடுத்தேன். சமையல் முடிந்ததும் கத்தியைக் கழுவிப் பரண்மேல், அப்பளக்கட்டுக்குப் பின்னால் வைத்தேன். பெற்ற பிள்ளையிடமிருந்து கத்தியை ஒளிக்கிறோம் என்று கைக்குத் தெரிந்தது. ஆனாலும் ஒளித்தேன்.

ஒருநாள் மாலை ஆப்பிள் நறுக்க வந்தவன் கேட்டான். "கத்தி எங்கம்மா?"

நான் ஸ்டூலைப் போட்டு ஏறுவதைப் பார்த்துக்கொண்டே நின்றான்.

"எதுக்கு மேல வச்சிருக்க?"

"கரப்பான் ஓடுது."

"என்னைப் பார்த்துப் பயப்படறியாம்மா?"

ஸ்டூலிலிருந்து இறங்கத் தெரியாமல் நின்றேன். அவன் சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டான். பிறகுதான் சொன்னான். பள்ளி தொடங்கிய மாதத்தில், விளையாட்டு பீரியட் முடிந்ததும், செத்துப்போன பையனும் இன்னும் சிலரும் கீழ்வீட்டுப் பையனைக் கழிப்பறையில் பிடித்துத் துணியை உருவி வீடியோ எடுத்திருக்கிறார்கள். அது வகுப்பு முழுக்கச் சுற்றியிருக்கிறது. அதற்குப் பிறகு யாரும் அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. வேறொரு சொல்லால் கூப்பிட்டிருக்கிறார்கள். அந்தச் சொல்லை என் மகன் என்னிடம் சொல்ல மறுத்துவிட்டான்.

"டீச்சர்கிட்ட சொல்லலையா அவன்?"

"சொன்னான்மா. பசங்கன்னா அப்படித்தான், நீ ஸ்போர்ட்டிவ்வா எடுத்துக்கோன்னு சொல்லிட்டாங்க."

"நீ அந்த வீடியோவைப் பார்த்தியா?"

"எல்லாரும் பார்த்தோம்."

"சிரிச்சியா?"

அவன் முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். நான் அத்தனை நாளும் தேடிக்கொண்டிருந்த காரணம் அப்போது என் சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தது. ஆனால் நான் நினைத்திருந்த உருவத்தில் இல்லை.

சில நாள் கழித்து நன்னடத்தை அலுவலர் என்று ஒரு பெண் வந்தார். குற்றம் செய்த பிள்ளையின் வீடு, பள்ளி, அக்கம்பக்கம் எல்லாம் விசாரித்து இளைஞர் நீதிக் குழுமத்துக்கு அறிக்கை கொடுப்பது அவர் வேலை. எங்கள் கட்டடத்தில் கதவைத் திறந்தவர்கள் குறைவு. என் கணவர் அவரை உட்காரச் சொல்லிவிட்டு என்னை உள்ளே இழுத்துப் போனார்.

"எதுவும் பேசாத. நம்ம பையனையும் கேஸ்ல இழுத்து விட்டுடுவாங்க."

அவர் சொன்னதில் தப்பில்லை. எனக்கும் அதே பயம்தான். தண்ணீர் கேன் கதையை மட்டும் சொல்லி அனுப்பிவிடலாம் என்று வெளியே வந்தேன். அதற்குள் மகன் தன் அறையிலிருந்து வந்து அலுவலர் எதிரே நின்றிருந்தான். "நான் ஒண்ணு சொல்லணும் மேடம்" என்றான். என்னைப் பார்த்தான். தடுக்கவா விடவா என்று நினைத்து முடிப்பதற்குள் அவன் பேச ஆரம்பித்துவிட்டான். நான் அவன் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

குழுமத்தில் ஒருமுறை வந்து சொல்லச் சொன்னார்கள். மகனை உள்ளே கூப்பிட்டபோது நான் வராந்தா பெஞ்சில் காத்திருந்தேன். சற்றுத் தள்ளி ஒரு பெண் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்னையே பார்த்தாள். பிறகு எழுந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நீ இன்னாம்மா, அந்தப் பையனுக்குச் சொந்தமா?"

"இல்லம்மா. என் பையன் அதே கிளாஸ்."

"வீடியோ பத்திச் சொல்ல வந்துகீறானே, அவனா?"

நான் தலையாட்டினேன்.

"என் புள்ள செத்துப் பூட்டான். செத்தவன் மேல பழி போட்டா அவனால வந்து இல்லன்னு சொல்ல முடியுமா?"

"உங்க பையன் மட்டும் இல்லம்மா. வேற பசங்களும் சேர்ந்துதான்…"

"தெரியும். அவன் செஞ்சிருப்பான். வூட்ல வால்தனம் பண்றவன்தான். அதுக்கு ரெண்டு அறை வுட்டிருந்தா போதாதா? அதுக்காவ உசுரா?" அவள் குரல் உயரவே இல்லை. "உன் புள்ள சொல்ட்டு வெளிய வருவான். நீ வூட்டுக்கு இட்டுகினு போயி சோறு போடுவ."

அவள் கையைப் பிடிக்கலாமா என்று நினைத்தேன். தைரியம் வரவில்லை. கதவு திறந்து என் மகன் வந்தான். அவள் அவனை உச்சியிலிருந்து கால்வரை பார்த்தாள். அவன் உயரத்தைத்தான் பார்த்தாள் என்று எனக்குத் தோன்றியது.

பதினாலு வயது என்பதால் சட்டம் கீழ்வீட்டுப் பையனைக் குழந்தையாகத்தான் வைத்துப் பார்த்தது. சிறார்களுக்கான சிறப்பு இல்லத்துக்கு அனுப்பினார்கள். அவன் அம்மா ஒரு மத்தியானம், எல்லாரும் வேலைக்குப் போயிருந்த நேரத்தில், சாமான்களை ஏற்றிக்கொண்டு போய்விட்டாள். பள்ளியில் கேமரா வைத்தார்கள், வாசலில் பைகளைச் சோதித்தார்கள். வீடியோவைப் பற்றி எந்தச் சுற்றறிக்கையும் வரவில்லை. என் மகன் வகுப்பில் கொஞ்ச காலம் தனியாகச் சாப்பிட்டான். காட்டிக்கொடுத்தவன் என்று பெயர். அந்த மாதங்களில் தினமும் அவன் வேனிலிருந்து இறங்கும்வரை மணியைப் பார்த்துக்கொண்டே இருப்பேன்.

மகன் இப்போது கல்லூரியில் படிக்கிறான். போன மாதம் தாம்பரம் ஸ்டேஷனில் நான் கடற்கரை வண்டிக்காக நின்றுகொண்டிருந்தேன்.

"ஆன்ட்டி."

திரும்பினேன். மெல்லிய மீசை, தோளில் ஏதோ கம்பெனி அடையாள அட்டை தொங்கும் பை. கண்ணைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது, கீழ்வீட்டுப் பையன்.

"நல்லா இருக்கீங்களா ஆன்ட்டி? அவன் எப்படி இருக்கான்?"

"நல்லா இருக்கான்ப்பா. காலேஜ் படிக்கிறான். அம்மா?"

"இருக்காங்க. சுகர்தான் கொஞ்சம்."

அவன் ஏசி மெக்கானிக் படிப்பு முடித்து வேலைக்குப் போவதாகச் சொன்னான். நான் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். அவன் குரலில் பழைய கூச்சம் அப்படியே இருந்தது. ஏதோ எடுக்க அவன் பைக்குள் கையை விட்டான். என்னை அறியாமல் நான் ஓர் அடி பின்னால் நகர்ந்தேன்.

கை பைக்குள் இருந்தபடியே நின்றது. மெதுவாக அதை வெளியே எடுத்தான். கையில் இருந்தது போன். என் மகனின் நம்பர் கேட்க எடுத்திருப்பான்போல. கேட்கவில்லை.

"நான் அந்தப் பக்கம் ஏறிக்கறேன் ஆன்ட்டி" என்றான்.

நில்லுப்பா என்று சொல்ல வாயைத் திறந்தேன். வண்டி பெரும் இரைச்சலோடு உள்ளே வந்துகொண்டிருந்தது. அவன் கூட்டத்துக்குள் போய்விட்டான்.